மணிக்கட்டில் நடக்கும் மயில்

விலங்குக்கும் பறவைக்கும் மனிதருக்கும் பேச்சு ஒன்றாகவே இருந்த அந்தக் காலத்தில், மனிதரின் மணிக்கட்டுக்குத் தனியாக ஒரு குரல் இருந்தது. கட்டைவிரலின் அடியில், எலும்பை ஒட்டி, தோலுக்குக் கீழே இரத்தம் ஓடுகிற இடத்திலிருந்து அது எழும். பகலெல்லாம் எழும், உறக்கத்திலும் ஓயாது. உள்ளே இருப்பதை இருக்கிறபடியே சொல்லிக்கொண்டிருப்பது அதன் இயல்பு. பசித்தால் 'பசிக்கிறது, பசிக்கிறது' என்னும். முழங்கால் நொந்தால் 'முழங்கால், முழங்கால்' என்னும். பாரம் தூக்குவோர் தமக்குள் குரல் கொடுத்துக்கொண்டே அடியெடுத்து வைப்பார்களே, அதைப் போல அந்தக் குரலின் தாளத்துக்குத்தான் இரத்தமும் உடம்பைச் சுற்றி நடந்தது. ஆனால் இந்த உண்மையை அன்று ஒருவரும் அறிந்திருக்கவில்லை.

நோய் இன்னதென்று அறிய வேறொருவர் தேவைப்படாத காலம் அது. இரகசியம் என்ற ஒன்றும் இல்லாத காலமும் அதுவே. விருந்தாளியிடம், "அதற்குள் புறப்பட்டுவிட்டீர்களே, இன்னும் சில நாள் இருந்துவிட்டுப் போகலாமே" என்று வாய் உபசரிக்கும். 'அரிசி தீர்ந்துவிட்டது, அரிசி தீர்ந்துவிட்டது' என்று மணிக்கட்டு புலம்பும். பெண் கேட்கப் போகும் வீட்டார் கைநிறைய வளையல்களை அடுக்கிக்கொண்டு, அவற்றின் கலகலப்பில் மணிக்கட்டின் குரலை அமுக்கப் பார்ப்பார்கள். ஆண்கள் ஈரக் களிமண்ணைக் குழைத்து அப்பிக்கொள்வார்கள். களிமண் காய்ந்து வெடிக்கும்வரை அவர்கள் மானம் பிழைத்திருக்கும்.

ஓர் இடத்தில் மட்டும் கையை மூடலாகாது என்பது அவர்களுடைய வழக்கம். நோயாளியின் படுக்கையருகே வருகிறவர் வளையலைக் கழற்றிவிட்டு, களிமண்ணைக் கழுவிவிட்டு, வெறுங்கையோடுதான் வர வேண்டும். துன்பத்தில் இருப்பவரிடம் எதையும் மறைப்பது பழி என்று அவர்கள் நம்பினார்கள். நல்ல எண்ணத்தில் தோன்றிய வழக்கந்தான் அது.

கோரை அடர்ந்த பெரிய ஏரி ஒன்றின் கரையில் சாத்தி, எயினி என்ற அக்காளும் தங்கையும் இருந்தார்கள். இருவரும் பாய் நெய்பவர்கள். சாத்தி கோரையை எடுத்துக் கொடுக்க, எயினி அதை அடித்து நெருக்குவாள். தாயில்லாத வீட்டில் எயினிக்குத் தலை வாரிவிட்டவள் சாத்தி. தங்கையைக் கீரன் என்ற மீன்காரனுக்குக் கட்டிக் கொடுத்தவளும் அவளே. கட்டிக் கொடுத்த பிறகும் தறி ஒன்றாகவே இருந்தது. எயினியைத் தவிரச் சாத்திக்குச் சொந்தமென்று சொல்லிக்கொள்ள ஒருவரும் இல்லை.

பனிக்காலத்தின் தொடக்கத்தில் எயினிக்குக் காய்ச்சல் கண்டது. 'எரிகிறது, எரிகிறது' என்றது அவள் மணிக்கட்டு. கை சொல்லிவிட்டால் அதற்கு மறுபேச்சு ஏது? எரிகிறவளைக் குளிரவைப்பதே முறை என்று, ஏரித் தண்ணீரில் நனைத்த பாயில் அவளைப் படுக்க வைத்தார்கள். நெஞ்சின் மீது தாமரை இலையைப் பரப்பினார்கள். இளநீரும் நீராகாரமும் மாறி மாறிக் கொடுத்தார்கள். எயினியின் மூச்சு, ஈரச் சுள்ளியில் பற்றவைத்த நெருப்பைப் போல இரைந்தது. 'எரிகிறது' என்று கை மறுபடி சொன்னது. மறுபடி ஒரு குடம் தண்ணீர் வந்தது.

அவள் மெலிய மெலிய, பார்க்க வருகிறவர்கள் பெருகினார்கள். அண்டை வீட்டுக் கொற்றி ஒரு முற்பகலில் வந்து தலைமாட்டில் அமர்ந்தாள். நல்லவள், நாக்கு மட்டும் சற்று நீளம்.

"அடி எயினி, முகம் எவ்வளவு தெளிந்துவிட்டது! தை பிறக்கட்டும், எழுந்து ஓடப்போகிறாய், பார்" என்றாள் கொற்றி.

'பிழைக்கமாட்டாள், பிழைக்கமாட்டாள்' என்றது அவளுடைய மணிக்கட்டு.

கொற்றிக்கு முகம் சுருங்கிவிட்டது. கையை முந்தானைக்குள் இழுத்துக்கொண்டாள். "பாழாய்ப்போன கை! வயதாகிவிட்டதல்லவா, கண்டதையும் பிதற்றுகிறது."

எயினி மெல்லச் சிரித்தாள். "இருக்கட்டும் அத்தை. காலையிலிருந்து வந்த கையெல்லாம் அதைத்தான் சொல்லிற்று. உங்கள் கை கொஞ்சம் தாழ்ந்த குரலில் சொல்கிறது. மரியாதை தெரிந்த கை."

கொற்றி எழுந்து போய்விட்டாள். அடுத்து ஒருவர் வந்தார். அவருக்குப் பின்னால் இன்னொருவர். எல்லாருடைய வாயும் ஆறுதல் சொல்லிற்று. எல்லாருடைய கையும் ஒன்றையே சொல்லிற்று. உச்சிப்பொழுது சாய்கையில், எயினியின் மணிக்கட்டே 'எரிகிறது' என்பதை விட்டுவிட்டது. கேட்டுக் கேட்டுப் பழகிய சொல்லை எடுத்துக்கொண்டு, 'பிழைக்கமாட்டேன், பிழைக்கமாட்டேன்' என்று மெல்ல முணுமுணுக்கத் தொடங்கியது.

அதைக் கேட்ட சாத்திக்கு உள்ளே ஏதோ அறுந்தது. மறுகணமே தன் கையில் ஒரு சொல் திரள்வதை அவள் உணர்ந்தாள். அது இன்ன சொல் என்பதும் தெரிந்தது. வாயைப் பொத்துவதுபோல ஒரு கையால் மறு மணிக்கட்டை இறுகப் பொத்திக்கொண்டு, எயினியின் காதில் விழுவதற்குள் வீட்டின் பின்புறம் ஓடி, மண்சுவரில் சாய்ந்துகொண்டாள். விரலிடுக்கு வழியே அது சொல்லியேவிட்டது. தன் கையும் அதையேதான் நினைக்கிறது என்று தெரிந்தபோது அவள் வாய்விட்டு அழுதாள்.

அந்தச் சுவரில் ஒரு பல்லி இருந்தாள். எல்லா உயிரும் பேசிய அந்த நாளில் பேசத் தெரியாதவள் அவள் ஒருத்தியே. குரல்கள் பங்கிடப்பட்ட வேளையில் சுவரிடுக்கில் அயர்ந்து உறங்கிவிட்டாளாம். விழித்துக்கொண்டு போனபோது குரல் இருந்த கூடை காலியாக இருந்ததாம். அவளுக்காகப் பேச ஓணான் இருந்தான். பல்லி வாலை அசைப்பாள். ஓணான் அதற்குச் சொல் கொடுப்பான். கொடுக்கும்போது தன் சரக்கையும் சிறிது கலந்துகொள்வான்.

"அழாதே சாத்தி" என்றான் ஓணான், வேலிக்கம்பின் மேலிருந்து தலையை ஆட்டியபடி. "உனக்கு வேண்டாத குரலைத் தனக்குத் தருவாயா என்று கேட்கிறாள் இவள்."

"எடுத்துக் கொடுக்க இது என்ன, கோரைக் கட்டா?"

"நீ எடுக்க வேண்டாம். இவள் நாக்கால் ஒருமுறை தொட்டால் போதும். வலிக்கவே வலிக்காது. இவள் பிடிப்பது கொசுவுக்கே தெரியாது."

"கொசுவைக் கேட்டுப் பார்த்தாயா?"

"கேட்பதற்கு அது எங்கே இருக்கிறது?" என்றான் ஓணான். பல்லி வாலால் சுவரைத் தட்டவும் அவன் குரலைத் தணித்துக்கொண்டான். "சரி, விளையாட்டு வேண்டாம் என்கிறாள். ஒன்றை மட்டும் நீ தெளிவாகச் சொல்ல வேண்டும். ஒரு கைக்கா, எல்லாக் கைக்குமா? நீ பாய் நெய்பவள், உனக்குத் தெரியும். ஒரு கோரையை உருவினால் அந்த ஒன்று போகும். ஓரத்து முடிச்சை அவிழ்த்தால் பாயே பிரிந்துவிடும். எதைச் செய்யட்டும்?"

சாத்தி யோசித்தாள். தன் கை மட்டும் அடங்கினால் போதுமா? நாளைக்கும் கொற்றி வருவாள். கொற்றிக்குப் பின்னால் கரை முழுவதும் வரும். எல்லாவற்றுக்கும் மேலாக, எயினியின் கையே எயினிக்கு எதிராகப் பேசுகிறது. இரக்கம் ஒரு பக்கமும் சினம் ஒரு பக்கமும் அவளைப் பிடித்து இழுத்தன. யோசனை அந்த இடத்தோடு நின்றுவிட்டது.

"எல்லாக் கைக்கும்" என்று சொல்லி மணிக்கட்டை நீட்டினாள்.

பல்லி இறங்கி வந்தாள். பனித்துளி விழுந்ததைப் போல ஒரு குளிர்ச்சி, அவ்வளவுதான்.

ஏரிக்கரை முழுவதும் ஒரு மௌனம் இறங்கியது. பிறந்த நாள் முதலாகக் காதில் ஓடிக்கொண்டிருந்த ஓர் ஓடை திடீரென்று வற்றிப்போனால் எப்படி இருக்கும்? கோரை ஒன்றோடொன்று உரசும் ஒலி முதல்முறையாக எல்லாருக்கும் கேட்டது. தண்ணீரில் வெயில் நகர்வதுகூடக் கேட்டுவிடும் போலிருந்தது. படகைத் தள்ளிக்கொண்டிருந்தவர்கள் கையைக் காதில் வைத்துப் பார்த்துவிட்டு ஒருவரையொருவர் நோக்கினார்கள். எவரும் எதையும் சொல்லவில்லை. சொல்லாமல் இருக்க முடிகிறதே என்று வியந்துகொண்டு நின்றார்கள்.

சாத்தி உள்ளே சென்று தங்கையின் அருகே அமர்ந்தாள். "பிழைத்துக்கொள்வாய்" என்றாள்.

எயினி அக்காளின் கையை இழுத்துத் தன் காதோடு சேர்த்து வைத்துக்கொண்டாள். நெடுநேரம் உற்றுக் கேட்டாள். "உன் கை மறுத்துப் பேசவில்லையே, அக்கா!" என்று சொல்லிவிட்டு, பல நாட்களுக்குப் பிறகு குழந்தையைப் போல உறங்கிப்போனாள்.

மாலையில் கொற்றி மீண்டும் வந்தாள். கையை வீசிக்கொண்டு வந்தாள். புதிதாகக் கிடைத்த சுதந்திரம் அவளை இளமையாக்கியிருந்தது.

"என் மருமகளைப் போலச் சமைக்க இந்தக் கரையில் ஆள் கிடையாது" என்றாள், யாரும் கேட்காமலே. பிறகு பழக்கத்தால் தன் மணிக்கட்டைப் பார்த்துக்கொண்டாள். அது ஊமையாய் இருந்தது. மகிழ்ச்சி தாங்காமல், "உப்பு மட்டுந்தான் எப்போதும் ஒரு பிடி கூடிப்போகும்" என்று முணுமுணுத்துக்கொண்டாள்.

"ச்சு, ச்சு" என்றது சுவர்.

இருவரும் நிமிர்ந்து பார்த்தார்கள். பல்லி, தன் தொண்டையிலிருந்து வந்த ஒலியைத் தானே நம்பாமல் கண்ணை விரித்துக்கொண்டிருந்தாள். சாளரத்தில் ஓணானின் தலை தெரிந்தது.

"இவ்வளவுதான் வருகிறது" என்றான் அவன் வருத்தத்தோடு. "எத்தனை கையின் குரல்! இவள் தொண்டையோ ஊசித்துளை. எல்லாம் நசுங்கி இந்த ஓர் ஒலியாகிவிட்டது. அதுவும் யாராவது உண்மை பேசினால்தான் தானாக வெளியே வருகிறது. பொய்க்கு அசையமாட்டேன் என்கிறது."

கொற்றி தன் வாயைப் பொத்திக்கொண்டு வெளியேறினாள். சாத்தி சிரிக்கவில்லை. 'பிழைத்துக்கொள்வாய்' என்று தான் சொன்னபோது இந்தச் சுவர் என்ன செய்தது என்று நினைத்துப் பார்த்தாள். அது சும்மா இருந்தது.

விடிந்தபோது கரையில் ஒரு விந்தை நிகழ்ந்தது. வலை வீசப் போன கீரன், வலையைத் தோளிலிருந்து எடுப்பதற்குள் மணலில் உட்கார்ந்துவிட்டான். தண்ணீர் மொண்டவள் குடத்தை நழுவவிட்டாள். உரலருகே நின்றவன் உலக்கையைப் பிடித்துக்கொண்டு மெதுவாகச் சரிந்தான். யாருக்கும் வலி இல்லை. எல்லாருக்கும் ஒரு மயக்கம். உடம்புக்குள் யாரோ வழி தவறி நின்றுவிட்டதைப் போல.

"மதினி, கால் தரையில் இருக்கிறதா என்றே தெரியவில்லை" என்றான் கீரன், சுவரைப் பிடித்துப் பிடித்து வீட்டுக்கு வந்து. "எயினி எப்படி இருக்கிறாள்?"

எயினி கண் திறக்கவில்லை. சாத்தி அவளுடைய மணிக்கட்டைத் தொட்டாள். குரல் இருந்த இடத்தில் ஏதோ ஒன்று இரண்டு அடி வைத்தது, நின்றது, திரும்பியது, மறுபடி ஓர் அடி வைத்தது. இருட்டில் சுவரைத் தடவிக்கொண்டு நடப்பவரின் நடை அது. குரல் கொடுக்க ஆள் இல்லாமல் இரத்தம் தடுமாறுகிறது என்பது அப்போதுதான் அவளுக்கு விளங்கியது.

தள்ளாடியபடி பின்புறம் ஓடினாள். "திருப்பிக் கொடுத்துவிடச் சொல்!" என்றாள் ஓணானிடம்.

"கொடுக்க மாட்டேன் என்றா சொல்கிறாள்? அரைத்த மாவை எப்படித் திரும்ப நெல்லாக்குவது?" அவன் தலை ஆடிக்கொண்டே இருந்தது. "நான் கேட்டேன் அல்லவா, ஒரு கைக்கா எல்லாக் கைக்குமா என்று?"

"கேட்டாய். அதற்கு என்ன விலை என்பதை நீயும் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை" என்றாள் சாத்தி. "தாளம் இல்லாமல் நடக்கத் தெரிந்தவர் இந்த உலகத்தில் யாராவது உண்டா? அதையாவது சொல்."

ஓணானின் தலை ஒரு கணம் ஆடாமல் நின்றது. பல்லி வாலை ஏரியின் பக்கம் நீட்டினாள்.

"விடியற்காலையில் தண்ணீர்த்துறைக்குப் போ என்கிறாள். அங்கே வருகிறவர்கள் எல்லாரும் நடந்துதான் வருகிறார்கள். ஒருவரும் குரல் கொடுத்துக்கொண்டு வருவதில்லை."

மறுநாள் கிழக்கு வெளுக்கும் முன்பே, சாத்தியும் கீரனும் எயினியைப் பாயோடு தூக்கிக்கொண்டு துறைக்குப் போனார்கள். அடிக்கொரு முறை நின்றார்கள், இளைப்பாறினார்கள், மறுபடி தூக்கினார்கள். ஏரி, மூடுபனிக்குள் இருக்கிறதா இல்லையா என்று தெரியாமல் கிடந்தது. கோரைத்தாள்கள் பாதிக்கு மேல் மட்டும் தெரிந்து, வேரில்லாமல் மிதந்துகொண்டிருந்தன. ஈர மணலில் பாயை இறக்கினார்கள். எயினியின் இடக்கை பாயை விட்டு வெளியே சரிந்து, உள்ளங்கை மேல்நோக்கி விரிந்து கிடந்தது.

முதலில் மயில் வந்தது. அதன் பின்னால் ஆமை. தவளை எப்போது வந்தது என்று தெரியாது, இருந்தது.

சாத்தி நடந்ததை ஒன்றுவிடாமல் சொன்னாள். தன் பிழையைக் குறைத்துச் சொல்லவில்லை. "என் தங்கைக்கு நடை வேண்டும்" என்று முடித்தாள்.

"நடையா?" என்றது மயில், கழுத்தை ஒருபக்கம் சாய்த்து. "என்னிடம் வருகிறவர்கள் தோகையைத்தான் கேட்பார்கள். நடையை இதுவரை ஒருவரும் கேட்டதில்லை."

"தோகையை வைத்துக்கொண்டு எயினி என்ன செய்வாள்? விசிறிக்கொள்வாளா?" என்றது தவளை. "ஆனால் என்னைக் கேட்காதீர்கள். நான் நடந்ததே இல்லை. எனக்குக் குதிக்கத்தான் தெரியும்."

"குதிப்பவனும் கரைக்குத்தான் போய்ச் சேருகிறான்" என்றது ஆமை. அது பேசி முடிப்பதற்குள் பனி சிறிது விலகிவிட்டது. "பெண்ணே, உடம்பில் நடப்பவர் ஒருவர் அல்லர், மூவர். காற்று, அனல், நீர். மூவரையும் ஒரே குரல் இழுத்துக்கொண்டு போனதால் உங்களுக்கு இது தெரியவில்லை. மயிலே, காற்றுக்கு நீ நடை கொடு. அதற்கு உன்னைப் போல ஒயில் வேண்டும். அனலுக்கு நான் கொடுக்கிறேன். அனல் ஓடினால் வீடு வெந்துவிடும். என்னைப் போல நடக்கட்டும். தவளையே, நீருக்கு நீ."

"கொடுத்துவிட்டால் எங்களுக்கு?" என்றது மயில்.

"இரவலாகக் கொடுப்போம். மனிதர் தம் வழியை நடந்து முடித்ததும் அது நம்மிடம் திரும்பி வரும்."

அப்போது பனியின் விளிம்பில் சூரியன் எழுந்தது. மூன்றும் சூரியனுக்கும் எயினியின் கைக்கும் நடுவே போய் நின்றன. அவற்றின் நிழல்கள் மணலில் நீண்டு நீண்டு வந்து அவள் கையைத் தொட்டன. மயில் நடந்தது. அதன் நிழல், கழுத்தை முன்னும் பின்னும் அசைத்துக்கொண்டு, மணிக்கட்டின் மேல் அடி வைத்து ஏறியது. கனமில்லாத அந்த நிழல் வழுக்கி விழுந்துவிடுமோ என்று அஞ்சிய சாத்தி, அது கால் பதித்த இடத்தில் சுட்டுவிரலை வைத்துக்கொண்டாள். ஆமை நகர்ந்தது, அதன் நிழல் வந்து நின்ற இடத்தில் நடுவிரலை வைத்தாள். தவளை குதித்தது, நிழலும் குதித்தது, அது விழுந்த இடத்தில் மோதிரவிரலை வைத்தாள். ஒருவரும் பேசவில்லை. பேசினால் நிழல் கலைந்துவிடும் என்று அவர்களுக்கு யாரும் சொல்ல வேண்டியிருக்கவில்லை.

சூரியன் மேலே ஏறியது; நிழல்கள் சுருங்கித் தம் தம் உடம்புக்குத் திரும்பின. நடை மட்டும் திரும்பவில்லை. சாத்தியின் மூன்று விரல்களின் கீழும் அது நடந்துகொண்டிருந்தது.

அவிழ்த்தது ஓரத்து முடிச்சு என்பதால், கட்டியதும் அந்த முடிச்சாகவே இருந்தது. கரையில் சாய்ந்து கிடந்தவர்கள் ஒவ்வொருவராக எழுந்து நின்றார்கள். கீரன் தன் வலக்கையை மார்போடு சேர்த்துப் பிடித்துக்கொண்டு, "மதினி, எனக்குள்ளும் யாரோ நடக்கிறார்கள்!" என்றான்.

சாத்தி விரல்களை எடுக்கவில்லை. கண்ணை மூடிக்கொண்டிருந்தாள். சுட்டுவிரலின் கீழே மயில் எங்கோ தொலைவில் நடந்தது. நடுவிரலின் கீழே ஆமை, ஆமைக்கு உரிய அமைதியோடு சென்றது. மோதிரவிரலின் கீழேதான் நிலை கொள்ளவில்லை. மற்ற இருவருக்கும் இடம் விடாமல் அங்கே ஒரு துள்ளல்.

"என்ன தெரிகிறது?" என்றான் கீரன்.

அவள் அறிந்ததைச் சொல்ல மொழியில் அதுவரை சொல் பிறந்திருக்கவில்லை. கையில் இருந்ததைத்தான் சொன்னாள். "தவளை குதிக்கிறது."

கீரன் குனிந்து பாயின் அடியில் தேடினான். "தவளையா? எங்கே? அது அப்போதே தண்ணீருக்குள் போய்விட்டதே!"

"எயினிக்குள்ளே. ஆமை பதறவே இல்லை, கீரா. அவளிடம் தீ மிகவில்லை. தண்ணீர் மிகுந்திருக்கிறது. நெஞ்சு நிறைய நீர் கட்டிக்கொண்டு தவளை அதில் கும்மாளம் போடுகிறது. நாமோ குடம் குடமாகக் கொண்டுபோய் ஊற்றினோம்."

வீட்டுக்கு வந்ததும் அவள் முதலில் செய்தது, நனைந்த பாயை உருவி வெளியே எறிந்ததுதான். தாமரை இலையை எடுத்தாள். உலர்ந்த கோரையைப் பரப்பினாள். அடுப்பை மூட்டி, சுக்கும் மிளகும் திப்பிலியும் இடித்துப் போட்டுக் கொதிக்கவைத்தாள். தூதுவளையைப் பறித்து வரக் கீரனை அனுப்பினாள். புகையைக் கண்டு கொற்றி ஓடி வந்தாள்.

"அடி பாவி! கை 'எரிகிறது, எரிகிறது' என்று கதறியதை ஊரே கேட்டதே! காய்கிறவளுக்கு நெருப்பு மூட்டுகிறாயே, உனக்குப் புத்தி இருக்கிறதா?"

"கை சொன்னதை எல்லாரும் கேட்டோம், அத்தை" என்றாள் சாத்தி, கரண்டியைக் கீழே வைக்காமல். "கையை ஒருவரும் பிடித்துப் பார்க்கவில்லை."

கொற்றி அடுப்பருகே அமர்ந்து, ஊதுகுழலை எடுத்து, எரியாத சுள்ளியை ஊதத் தொடங்கினாள்.

நாள்கள் சென்றன. ஒவ்வொரு விடியலிலும், எயினி எதையும் உண்பதற்கு முன்பு, சாத்தி அவளுடைய இடக்கையை எடுத்து மூன்று விரல் வைத்துப் பார்த்தாள். ஒருநாள் தவளையின் துள்ளல் சற்றுத் தணிந்திருந்தது. வேறொரு நாள் அது சோர்ந்து ஓர் ஓரமாக ஒதுங்கியது. மயில் தொலைவிலிருந்து மெல்ல மெல்ல நெருங்கி வந்தது. எயினியின் இரைப்பு தளர்ந்து, ஒரு காலையில் கட்டியாகச் சளி வெளிப்பட்டது. அன்று அவள் இரண்டு வாய் கஞ்சி அதிகமாகக் கேட்டு வாங்கிக் குடித்தாள்.

அன்று விளக்கேற்றும் வேளையில் அவள் அக்காளைக் கூப்பிட்டாள்.

"அக்கா, அன்றைக்குப் பிழைத்துக்கொள்வாய் என்றாயே. அது பொய்தானே?"

"ஆமாம்" என்றாள் சாத்தி.

"ச்சு, ச்சு" என்றது சுவர். எயினி சிரித்துவிட்டாள்.

"இப்போது சொல். எனக்காகச் சொல்லாதே, இருக்கிறபடி சொல்."

சாத்தி அவளுடைய கையை எடுத்தாள். மூன்று விரல்களையும் வைத்தாள். சுட்டுவிரலின் கீழே, மழைக்கு முந்திய முற்றத்தில் போவதைப் போல மயில் கால் எடுத்து வைத்தது. ஆமை தன் வழியே போயிற்று. தவளை அளவாகக் குதித்துப் பின்தொடர்ந்தது. பிறகு சொன்னாள்:

"பிழைத்துக்கொள்வாய்."

சொல்லிவிட்டுச் சுவரைப் பார்த்தாள். எயினியும் பார்த்தாள். தூதுவளையை ஆய்ந்துகொண்டிருந்த கீரன் ஆய்வதை நிறுத்தினான். விளக்கின் சுடர் ஒருமுறை தாழ்ந்து எழுந்தது. பல்லி அசையவில்லை; அவளுடைய சிறிய தொண்டை மட்டும் ஏறி இறங்கியது.

"ச்சு, ச்சு, ச்சு."

மாதம் ஒன்று போவதற்குள் தறியின் இரு பக்கமும் ஆள் இருந்தது.

மணிக்கட்டு அதன் பிறகு வாய் திறக்கவே இல்லை. அது நடக்கிறது. நாடி பார்ப்பவர் விடியலில், வெறும் வயிற்றில், பெண்ணுக்கு இடக்கையும் ஆணுக்கு வலக்கையும் பிடித்து மூன்று விரல் வைப்பதும், வைத்தபின் நிழல் கலையாதிருக்க ஒரு சொல்லும் பேசாதிருப்பதும், மயில் நடக்கிறது என்றும் ஆமை நகர்கிறது என்றும் தவளை துள்ளுகிறது என்றும் பிறகு சொல்வதும் அதனால்தான். இரவல் நடை மயிலுக்கும் ஆமைக்கும் தவளைக்கும் திரும்பிப் போகிற நாளில், நாடி விழுந்துவிட்டது என்கிறோம். நாம் ஏதேனும் சொல்லி வாய் மூடுவதற்குள் சுவரில் பல்லி ஒலித்தால், பேச்சை நிறுத்தி ஒரு கணம் அதைப் பார்க்கிறோம். நோயுற்றவரைப் பார்க்கப் போகிற எவரும், உடம்புக்கு என்ன செய்கிறது என்று கேட்பதற்கு முன்பே அவர் கையை எடுத்துத் தம் கைக்குள் வைத்துக்கொள்கிறார்களே, அதுவும் அந்த ஏரிக்கரை விடியலில் தொடங்கியதுதான்.